கதவுகளின் வழியே: அன்னா ஆஸ்ப்பும் ஸ்வீடன் சினிமாவின் வீடுகளும்

கேள்வி

ஸ்வீடன் நாட்டுச் சினிமாவைப் பற்றிய எழுத்துகளில் இரண்டு சொற்கள் திரும்பத் திரும்ப வரும்: முகம், ஒளி. முகம் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் கணக்கிலும் அவருடைய நடிகர்களின் கணக்கிலும் எழுதப்படும்; ஒளி ஒளிப்பதிவாளர் ஸ்வென் நிக்விஸ்டின் கணக்கில் எழுதப்படும். அந்த முகம் எந்தச் சுவரின் முன் நிற்கிறது, அந்த ஒளி எந்தச் சன்னல் வழியாக உள்ளே வருகிறது, சன்னலை அந்த இடத்தில் வைத்தது யார் என்பன அபூர்வமாகவே கேட்கப்படும் கேள்விகள். சுவரும் சன்னலும் இயற்கையாகவே அங்கே இருந்தவை போலப் பார்வையாளர் எடுத்துக்கொள்கிறார். உண்மையில் அவை வரையப்பட்டு, அளக்கப்பட்டு, தச்சர்களாலும் வண்ணக்காரர்களாலும் எழுப்பப்பட்டு, படப்பிடிப்பு முடிந்ததும் பிரித்துப் போடப்பட்டவை. தமிழ்ச் சினிமா பேச்சில் இந்த வேலைக்கு உரியவரைக் கலை இயக்குநர் என்கிறோம். 1939இல் ‘கான் வித் த விண்ட்’ படத்துக்காக வில்லியம் கேமரன் மென்சீஸுக்கு ‘புரொடக்‌ஷன் டிசைனர்’ என்ற பட்டம் தரப்பட்ட பிறகு, படம் முழுவதன் தோற்றத்துக்கும் பொறுப்பேற்பவர் என்ற விரிந்த பொருள் அந்தப் பொறுப்புக்கு வந்தது.

இக்கட்டுரை 1946இல் பிறந்த அன்னா ஆஸ்ப்பின் பணியை எடுத்துக்கொண்டு ஒரு கேள்வியை ஆராய்கிறது. பெர்க்மன், ஆந்திரேய் தார்க்கோவ்ஸ்கி, பில்லே ஆகஸ்ட் என்று ஒருவரோடு ஒருவர் ஒவ்வாத மூன்று இயக்குநர்களுக்கு வீடு கட்டிக் கொடுத்த ஒருவருக்குத் தனக்கென்று ஒரு கை உண்டா? அல்லது அவர் கேட்டதைச் செய்துகொடுத்த தேர்ந்த கைவினைஞர் மட்டுமா? பொதுவான பதில் இரண்டாவதையே சொல்லும். ‘ஃபேனியும் அலெக்ஸாண்டரும்’ படத்துக்காக 1984இல் அவர் ஆஸ்கார் விருது பெற்றார் என்பது எல்லாக் குறிப்புகளிலும் உண்டு. அந்த விருதுக்குரிய வேலை என்ன என்று விளக்கும் குறிப்புகள் குறைவு. அவருடைய கையை நிறத்திலோ அலங்காரத்திலோ தேடுவதால்தான் அது தென்படாமல் போகிறது என்பது என் வாதம். அதைக் கதவுகளில் தேட வேண்டும். ஓர் அறையிலிருந்து இன்னோர் அறை எவ்வளவு தெரிகிறது, யார் யாரிடம் போக முடிகிறது, எது பூட்டியிருக்கிறது என்ற கணக்கே அவர் படத்துக்குப் படம் செம்மைப்படுத்திக்கொண்டுபோன கலை.

அவருக்கு முன்னால்

ஸ்வீடிஷ் மொழியில் இப்பணியாளருக்குப் பழைய நாட்களில் வழங்கிய பெயர் ‘ஃபில்ம்ஆர்கிடெக்ட்’, அதாவது சினிமாவின் கட்டிடக் கலைஞர். ‘செனோகிராஃப்’ என்ற, மேடையோடு தொடர்புடைய சொல் பின்னர்தான் பரவலானது. பழைய பெயர் இந்தத் தொழிலின் சாரத்தைச் சரியாகப் பிடித்தது என்றே நினைக்கிறேன். ஸ்டாக்ஹோமை ஒட்டிய சோல்னாவில் ரோசுண்டா ஸ்டுடியோ இயங்கிய காலத்தில் பி. ஏ. லுண்ட்கிரேன், பிபி லிண்ட்ஸ்ட்ரம், கிட்டன் குஸ்தாஃப்சன் போன்றவர்கள் அங்கே தெருக்களையும் தேவாலயங்களையும் ஓட்டல் தாழ்வாரங்களையும் எழுப்பினார்கள். ‘ஏழாவது முத்திரை’யின் இடைக்காலமும் ‘மௌனம்’ படத்தின் பெயர் தெரியாத அயல்நகர ஓட்டலும் லுண்ட்கிரேனின் வேலைகள். 1963இல் வந்த ‘குளிர்கால ஒளி’க்காகப் பெர்க்மனும் நிக்விஸ்டும் தேவாலயத்தில் மணிக்கணக்கில் அமர்ந்து வெளிச்சம் நகர்வதைக் கவனித்த கதை பலமுறை சொல்லப்பட்டிருக்கிறது. அவர்கள் கவனித்ததைத் திரும்ப நிகழ்த்திக் காட்டுவதற்காக லுண்ட்கிரேன் ஸ்டுடியோவுக்குள் ஒரு தேவாலயத்தின் உட்புறத்தைக் கட்டினார் என்பது அந்தக் கதையின் இரண்டாம் பாதி. அது பெரும்பாலும் சொல்லப்படாமலே விடப்படுகிறது.

ஆஸ்ப்பின் வேலையைப் புரிந்துகொள்ள, அவருக்கு முன் இதே துறையில் இருந்த இரண்டு பெண்களின் இரண்டு படங்கள் இன்றியமையாதவை. 1951இல் ஆல்ஃப் ஷோபெரி இயக்கிய ‘மிஸ் ஜூலி’க்கு அரங்கம் அமைத்தவர் லிண்ட்ஸ்ட்ரம். ஸ்டிரிண்ட்பெரியின் ஓரங்க நாடகம் ஒரு சமையலறைக்குள் நடப்பது. படத்தில், ஜூலி தன் சிறுவயதைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கும்போது, வெட்டு எதுவும் இல்லாமல், அதே சட்டகத்துக்குள் அவளுடைய தாயும் சிறுமியான அவளும் நடந்துவருகிறார்கள். கடந்த காலம் பக்கத்து அறையில் காத்திருந்ததுபோல் வருகிறது. இந்த உத்திக்காக ஷோபெரியைப் புகழ்வது சரியே. ஆனால் இரண்டு காலங்கள் ஒரே தரையில் நடமாட வேண்டுமானால், தரையும் திறப்பும் அதற்கென்று அமைய வேண்டும். 1957இல் ‘காட்டு ஸ்ட்ராபெர்ரிகள்’ படத்துக்குக் குஸ்தாஃப்சன் அமைத்த கோடை வீட்டிலும் முதியவர் ஈசாக் வாசலில் நின்றபடி, தன் இளமைக்காலக் குடும்பம் சாப்பாட்டு மேசையில் அமர்ந்திருப்பதைப் பார்க்கிறார். அவரால் பார்க்க முடிகிறது. உள்ளே போய் உட்கார முடிவதில்லை. ஆகவே வாசல் என்ற கருவி ஆஸ்ப் கண்டுபிடித்தது என்று சொல்ல முடியாது. அது அவருக்கு மரபாக வந்தது. அவருக்கு முன்னோர் இருவர் வாசலைக் காலத்தின் எல்லையாக வைத்தார்கள். ஆஸ்ப் அதை மனிதர்களுக்கிடையிலான அதிகாரத்தை அளக்கும் கோலாக மாற்றினார்.

அந்த மாற்றத்துக்குத் தொழில் சூழலும் ஒரு காரணம். 1963இல் ஸ்வீடிஷ் திரைப்பட நிறுவனம் தோன்றியது. பீட்டர் செல்சிங் வடிவமைத்த அதன் ஃபில்ம்ஹூசெட் கட்டிடம் 1971இல் திறக்கப்பட்டது. ரோசுண்டா தன் பழைய இடத்தை இழந்தது. மாதச் சம்பளத்துக்கு ஒரே ஸ்டுடியோவில் ஆண்டுக்கணக்காக வேலைபார்த்த கட்டிடக் கலைஞர்களின் காலம் முடிந்து, படத்துக்குப் படம் புதிய குழுவோடு சேர வேண்டிய காலம் வந்தது. அப்படிச் சேர்பவர் தன்னோடு எடுத்துச்செல்ல முடிவது கிடங்கும் பட்டறையும் அல்ல, வழிமுறை ஒன்றுதான்.

மூன்று குருமனைகள்

ஆஸ்ப்பின் பணியில் ஆய்வாளருக்கு அரிதாகக் கிடைக்கும் ஒரு வசதி இருக்கிறது. அவர் மூன்று முறை கிறித்தவப் போதகரின் இல்லத்தைக் கட்டியிருக்கிறார்: 1978இல் ‘இலையுதிர்கால ஸொனாட்டா’வில், 1982இல் ‘ஃபேனியும் அலெக்ஸாண்டரும்’ படத்தில், 1992இல் ‘நல்லெண்ணம்’ படத்தில். மூன்றின் எழுத்தும் பெர்க்மனுடையது. பெர்க்மனின் தந்தை லூத்தரன் சபைப் போதகர் என்பதால் அந்த வீடுகள் அவருக்கு வெறும் கதைக்களங்கள் அல்ல. ஆனால் மூன்றாவது படத்தை இயக்கியவர் டென்மார்க்கைச் சேர்ந்த பில்லே ஆகஸ்ட். எழுதியவர் ஒருவரே, இயக்குநர் மாறுகிறார், வடிவமைப்பாளர் மாறவில்லை. ஒருவரின் கை எங்கே தொடங்குகிறது என்று பார்க்க இதைவிட நல்ல சந்தர்ப்பம் அமையாது.

‘இலையுதிர்கால ஸொனாட்டா’ நார்வேயில் உருவானது. 1976 ஜனவரியில் வரி விவகாரத்தில் காவல்துறை தன்னை அழைத்துச்சென்ற அதிர்ச்சிக்குப் பிறகு பெர்க்மன் நாட்டை விட்டு வெளியேறியிருந்தார். படம் ஓஸ்லோவை ஒட்டிய ஸ்டுடியோவில் எடுக்கப்பட்டது. முதல் காட்சியிலேயே போதகர் விக்டர் முன்னால் நின்று நம்மிடம் தன் மனைவி ஏவாவைப் பற்றிப் பேசுகிறார். அவருக்குப் பின்னால், திறந்திருக்கும் வாசல்களுக்கு அப்பால், ஏவா எழுதிக்கொண்டிருக்கிறாள். இந்த ஒரு சட்டகத்திலேயே படத்தின் விதி சொல்லப்பட்டுவிடுகிறது. இந்த வீட்டில் எல்லாக் கதவுகளும் திறந்திருக்கின்றன. எல்லோரும் எல்லோரையும் பார்க்க முடியும். ஒருவரும் இன்னொருவரைச் சென்றடைவதில்லை. பழுப்பும் சிவப்பும் கலந்த இளஞ்சூடான நிறங்களில் வீடு இதமாக இருக்கிறது, அந்த இதம் யாருக்கும் உதவுவதில்லை. புகழ்பெற்ற பியானோக் கலைஞரான தாய் சார்லட் வந்து தங்கும் அந்த இரவில், நோயுற்ற இரண்டாம் மகள் ஹெலனா படுக்கையிலிருந்து விழுந்து, தவழ்ந்து, மாடிப்படி முகப்புவரை வந்து அம்மாவை அழைக்கிறாள். கீழே மற்ற இருவரும் பேசிக்கொண்டிருக்கிறார்கள். மேலே இருக்கும் அறைக்கும் கீழே இருக்கும் அறைக்கும் நடுவே உள்ள தூரம் வசனத்தில் எங்கும் இல்லை. அது படியின் உயரத்திலும் முகப்பின் நீளத்திலும் இருக்கிறது. ஏவாவின் சிறுவயதைக் காட்டும் காட்சிகளும் இதே முறையில் அமைந்தவை. அம்மாவின் சங்கீதப் பயிற்சி முடியக் காத்திருக்கும் குழந்தை, பெரிய அறையின் ஓரத்தில் சின்ன உருவமாக, தூரத்திலிருந்து காட்டப்படுகிறாள். நெருக்கக் காட்சிகளுக்குப் பெயர்போன ஓர் இயக்குநர் இங்கே முகத்தைக் கைவிட்டு அறையை நம்புகிறார். நம்பத் தகுந்த அறை கிடைத்ததால்தான் அது முடிந்தது.

இரண்டாவது குருமனை பிஷப் எட்வர்ட் வெர்கெருஸின் வீடு. அதைத் தனியாகப் பார்த்தால் பொருள் முழுமையடையாது. அதே படத்தின் மற்ற வீடுகளோடு சேர்த்தே பார்க்க வேண்டும்.

அலெக்ஸாண்டரின் வீடுகள்

1982 டிசம்பரில் வெளிவந்த ‘ஃபேனியும் அலெக்ஸாண்டரும்’ 188 நிமிடத் திரையரங்க வடிவிலும் ஐந்து மணி நேரத்துக்கும் மேல் நீளும் தொலைக்காட்சி வடிவிலும் கிடைக்கிறது. அதுவரை ஸ்வீடனில் எடுக்கப்பட்ட படங்களிலேயே அதிகச் செலவு பிடித்தது அது. தெருக்காட்சிகள் உப்சாலா நகரத்தில். உட்புறக் காட்சிகள் பெரும்பாலும் ஸ்டாக்ஹோமில் ஸ்டுடியோ தளங்களில். கதை 1907இல் தொடங்குகிறது.

படம் ஒரு பொம்மை நாடக மேடையோடு திறக்கிறது. அட்டையில் வரைந்த காட்சித் திரைகள் ஒவ்வொன்றாக மேலே எழ, கடைசித் திரைக்குப் பின்னால் சிறுவன் அலெக்ஸாண்டரின் முகம் தெரிகிறது. பிறகு அவன் பாட்டி ஹெலனாவின் ஆளற்ற வீட்டில் ஒவ்வோர் அறையாக ஒவ்வொருவர் பெயரையும் சொல்லி அழைத்துக்கொண்டு போகிறான். இந்த இரண்டு காட்சிகளும் ஒன்றின் நீட்சி மற்றொன்று. பொம்மை மேடையில் அடுக்கடுக்காக நின்ற அட்டைத் திரைகளைப் போலவே வீட்டின் அறைகளும் ஒன்றன்பின் ஒன்றாக நேர்க்கோட்டில் நிற்கின்றன. ஒரு வாசலுக்குள் இன்னொரு வாசல் தெரிகிறது. கிறிஸ்துமஸ் இரவில் எஜமானர்களும் வேலைக்காரர்களும் கைகோத்து, சங்கிலியாக, அறைக்கு அறை ஆடிப்பாடி ஓடும் காட்சிக்கு இந்த அமைப்பே உயிர். அறைகளைத் தனித்தனித் தளங்களில் போட்டிருந்தால் இந்த ஓட்டத்தைத் துண்டுகளாக வெட்டித்தான் காட்டியிருக்க முடியும். தொடர்ந்த வீடாகக் கட்டியதால் குடும்பமே ஒரு நீளமான ஓருடலாகத் தெரிகிறது. அலெக்ஸாண்டரின் எக்டால் குடும்பத்தில் துரோகம் உண்டு, கடன் உண்டு, காமம் உண்டு. ஆனால் கதவு சாத்தப்படுவதில்லை. சிவப்புத் திரைகள், செடிகள், விளக்குகள், சிறுசிறு பொருட்கள் என்று அறைகள் நிரம்பிவழிவதைப் பற்றி நிறையப் பேசப்படுகிறது. விருதுக்குழுவின் கண்ணிலும் முதலில் பட்டது அதுவாகவே இருக்கக்கூடும். அந்த நிறைவின் கீழே ஓடும் தரைப்படம்தான் முக்கியம் என்று கருதுகிறேன்.

கணவன் ஆஸ்கர் இறந்த பிறகு அலெக்ஸாண்டரின் தாய் எமிலி பிஷப்பை மணந்து, பிள்ளைகளோடு அவர் வீட்டுக்கு வருகிறாள். வெள்ளையடித்த கனத்த சுவர்கள், வெறும் தரை, கம்பியிட்ட சன்னல்கள். இங்கே கதவு என்பது சாவியின் மறுபெயர். பிஷப்பின் தாயும் தங்கையும் பூட்டுகிறார்கள், திறக்கிறார்கள். தண்டனை பெற்ற அலெக்ஸாண்டர் பரணில் அடைக்கப்படுகிறான். இந்த வீட்டை ‘எளிமை’ என்று விவரிப்பது வழக்கம். அது போதாத விவரணை. எளிமையான வீட்டில் வசதிக் குறைவு இருக்கும், ஆனால் நடமாட்டம் இருக்கும். இந்த வீட்டிலோ ஒவ்வோர் அறையும் மற்றதிலிருந்து துண்டிக்கப்பட்ட பெட்டி. எக்டால் வீட்டில் சட்டகத்தின் ஆழத்தில் எப்போதும் யாராவது இருப்பார்கள். இங்கே ஆழமே கிடையாது, பார்வை சுவரில் மோதித் திரும்புகிறது. ஒளியும் அப்படியே. அடர்சிவப்புப் பரப்பு வெளிச்சத்தை உறிஞ்சிக்கொண்டு மூலைகளில் இருளைச் சேர்த்துவைக்கும். வெள்ளைச் சுவர் அதை அறை முழுக்கத் திருப்பியடிக்கும். ஒளிந்துகொள்ள நிழலில்லாத வீடு குழந்தைக்கு என்ன செய்யும் என்பதைப் பிஷப் ஒரு சொல் பேசும் முன்பே நாம் உணர்ந்துவிடுகிறோம்.

மூன்றாவது, யூத வணிகர் ஈசாக் யாக்கோபியின் கடையும் வீடும். குழந்தைகளை ஒரு பெட்டகத்தில் ஒளித்து அவர் மீட்டுவருகிறார். பொம்மைகளும் முகமூடிகளும் பழம்பொருட்களும் நெருக்கியடித்த இந்த இடத்தில் அறைகள் நேராகவும் இல்லை, துண்டாகவும் இல்லை. இரவில் எழுந்த அலெக்ஸாண்டர் திரும்பும் வழி தெரியாமல் அலைகிறான். ஒரு கதவு மட்டும் பூட்டியிருக்கிறது. அதன் பின்னால் ஈசாக்கின் உறவினன் இஸ்மாயில் இருக்கிறான். பிஷப்பின் வீட்டில் பூட்டு தண்டனைக்காக. இங்கே பூட்டின் பின்னால் இருப்பது அலெக்ஸாண்டரின் சொந்த மனத்தில் அவனே பார்க்க அஞ்சும் ஆசை. ஒரே கருவி, இரண்டு வீட்டில் இரண்டு பொருள். பார்வையாளருக்கு இதை யாரும் விளக்க வேண்டியிருப்பதில்லை, ஏனெனில் முந்தைய இரண்டு வீடுகளிலும் கதவுகளைப் படிக்க நாம் ஏற்கெனவே பழகியிருக்கிறோம்.

எதிர்வாதங்கள்

ஆஸ்ப்பின் கை கதவுகளில் தெரிகிறது என்ற இந்த வாதத்துக்கு எழக்கூடிய மறுப்புகளில் வலுவானது இது: இவையெல்லாம் பெர்க்மன் எழுதியவை. நாவல்போல வெளியான அந்தத் திரைக்கதையில் வீடுகள் விரிவாகவே விவரிக்கப்படுகின்றன. உப்சாலாவில் அவருடைய பாட்டியின் வீட்டில் கழிந்த நாட்களை 1987இல் வெளியான தன்வரலாற்று நூலான ‘மாய விளக்கு’ம் நினைவுகூர்கிறது. வடிவமைப்பாளர் அந்த நினைவுக்கு உரு கொடுத்தார், அவ்வளவுதானே? இந்த மறுப்பில் பாதி உண்மை இருக்கிறது. வீடுகளின் குணத்தைத் தீர்மானித்தவர் பெர்க்மன் என்பதை மறுக்க வேண்டியதில்லை. ஆனால் எழுத்தில் ஓர் அறை இருப்பதற்கு அளவு தேவைப்படாது. ‘பெரிய அறை’ என்று எழுதினால் போதும். தளத்தில் அது எத்தனை மீட்டர், வாசல் எவ்வளவு அகலம், கேமரா பின்வாங்க எந்தச் சுவரைக் கழற்ற முடியும், குழந்தையின் கண்மட்டத்திலிருந்து பார்த்தால் மூன்றாவது அறையின் விளக்கு தெரியுமா என்றெல்லாம் தீர்மானித்தாக வேண்டும். இந்தத் தீர்மானங்களே காட்சியின் பொருளை உண்டாக்குகின்றன என்பதைத்தான் மேலே பார்த்தோம். அதோடு, பெர்க்மன் 1918இல் பிறந்தவர். படம் நடப்பது அதற்குப் பத்தாண்டுகளுக்கு முன். நினைவிலிருந்து நகலெடுப்பதற்கு மூலம் என்று ஒன்றும் இல்லை.

இரண்டாவது மறுப்பு கூட்டுப்பணி பற்றியது. ஆஸ்கார் விருதை ஆஸ்ப் தனியாகப் பெறவில்லை. அரங்கப் பொருட்களுக்குப் பொறுப்பான சுசான் லிங்ஹைமோடு பகிர்ந்துகொண்டார். அதே இரவில் நிக்விஸ்டுக்கும் ஆடை வடிவமைத்த மரிக் வோஸுக்கும் விருதுகள் கிடைத்தன. சிறந்த அயல்மொழிப் படத்துக்கான விருதையும் சேர்த்தால் மொத்தம் 4. தச்சர்களும் வண்ணக்காரர்களும் எந்தப் பட்டியலிலும் முன்வரிசைக்கு வருவதில்லை. இது நியாயமான எச்சரிக்கை. ஆஸ்ப்பை ஒரு புதிய ‘ஆசிரியர்’ ஆக்கி, இயக்குநர் அமர்ந்த பீடத்தில் அவரை ஏற்றிவைப்பது இந்தக் கட்டுரையின் நோக்கம் அல்ல. ஆனால் கூட்டுப்பணி என்பதால் யாருடைய பங்கும் பிரித்தறிய முடியாதது என்றாகிவிடாது. பலர் சேர்ந்து வாசித்தாலும் மிருதங்கத்தின் பங்கு காதுக்குத் தெரியும். பிரித்தறிவதற்கான வழி, சேர்க்கை மாறும்போது எது தொடர்கிறது என்று பார்ப்பது.

சேர்க்கை 1992இல் மாறியது. ‘நல்லெண்ணம்’ பெர்க்மனுடைய பெற்றோரின் காதலையும் திருமணத்தின் தொடக்க ஆண்டுகளையும் சொல்வது. ஆகஸ்டின் இயக்கத்தில் கான் விழாவில் தங்கப் பனை வென்றது. நிக்விஸ்டின் ஒளி இங்கே இல்லை. ஆகஸ்டின் நிதானமான யதார்த்த நடைக்கும் பெர்க்மனின் நடைக்கும் உறவு குறைவு. ஆனாலும் உப்சாலாவில் கதாநாயகி அன்னாவின் வசதியான குடும்பத்து வீட்டுக்கு ஏழை இறையியல் மாணவன் ஹென்ரிக் வரும்போது நடப்பதைக் கவனியுங்கள். அறைக்கு அறை தெரியும் அந்த வீடு எக்டால் வீட்டின் உறவுக்கார வீடு. அந்தத் திறந்த தன்மையே இங்கே அவனை வெளியே நிறுத்துகிறது. எல்லா இடத்திலிருந்தும் அவன் பார்க்கப்படுகிறான். பிறகு வடக்கே ஃபோர்ஸ்போடாவில் அவனுக்கு வாய்க்கும் ஊழியமும், அவர்கள் போய்ப் பார்க்கும் பாழடைந்த சிற்றாலயமும். திருமணத்தை எங்கே நடத்துவது என்று அவர்கள் கசந்து சண்டையிடுவது அந்தச் சிற்றாலயத்துக்குள்தான். அன்னா பிறந்த வீட்டிலிருந்து ஃபோர்ஸ்போடாவின் போதகர் இல்லத்துக்கு வந்தவள் எதை இழந்தாள் என்பதைச் சொல்ல, வறுமையை மிகைப்படுத்திக் காட்ட வேண்டிய தேவை வடிவமைப்பாளருக்கு ஏற்படவில்லை. 1978இல் திறந்த கதவுகளின் தனிமை, 1982இல் பூட்டிய கதவுகளின் கொடுமை, 1992இல் வர்க்கத்தின் வாசல். மூன்று போதகர் இல்லங்களும் தோற்றத்தில் ஒன்றையொன்று ஒத்தவை அல்ல. அவற்றைக் கட்டிய சிந்தனை ஒன்று.

ஆகஸ்டோடு அவர் அதற்கு முன் செய்த ‘வெற்றியாளன் பெல்லே’யையும் (1987) இங்கே சுருக்கமாகச் சேர்த்துக்கொள்ளலாம். ஸ்வீடனிலிருந்து பிழைப்புத் தேடி டென்மார்க்கின் போர்ன்ஹோல்ம் தீவுக்கு வரும் கிழவர் லாஸ்ஸேவும் மகன் பெல்லேயும் மாட்டுத் தொழுவத்தை ஒட்டிய இருப்பிடத்தில் தங்க வைக்கப்படுகிறார்கள். முற்றத்துக்கு அப்பால் பண்ணையார் வீடு. அங்கிருந்து எஜமானியின் அழுகை இரவில் கேட்கும். முற்றத்தைக் கடப்பதற்கு உரிமை யாருக்கு, எப்போது என்பதே அந்தப் பண்ணையின் சட்டம். சிறுவன் கடைசியில் நடந்து வெளியேறுவது அந்தச் சட்டத்தை விட்டுத்தான்.

எரிந்த வீடு

மூன்றாவது மறுப்பு ஒன்று மிச்சமிருக்கிறது. கட்டிய அரங்கம் நடிப்பும் ஒளியும் இல்லாமல் ஒன்றுமில்லை, படப்பிடிப்பு முடிந்ததும் விறகாகிவிடுவது, எனவே அதைக் கலைப்படைப்பு என்று எப்படிச் சொல்வது என்பது அது. ஆவணங்களின் நிலையும் இந்த எண்ணத்தை வளர்க்கிறது. பெர்க்மனின் கையெழுத்துப் பிரதிகளும் குறிப்பேடுகளும் பேணப்பட்டு, 2007இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றன. தாள் நிற்கிறது, சுவர் நிற்பதில்லை. ‘ஃபேனியும் அலெக்ஸாண்டரும்’ உருவானதைப் பற்றிப் பெர்க்மனே தொகுத்த ஆவணப்படத்திலும் நம் கண்முன் நிற்பவர்கள் இயக்குநரும் நடிகர்களும் கேமராக் குழுவும்தான்.

இந்த மறுப்புக்கு ஆஸ்ப்பின் வாழ்க்கையிலேயே ஒரு பதில் இருக்கிறது. 1985இல் தார்க்கோவ்ஸ்கி தன் கடைசிப் படமான ‘பலி’யை ஸ்வீடனில் எடுத்தார். காட்லாண்ட் தீவின் தட்டையான கரையோரப் புல்வெளியில், மரமோ அண்டை வீடோ மறைக்காத இடத்தில், ஆஸ்ப்பின் வடிவமைப்பில் ஒரு மரவீடு எழுந்தது. உட்புறக் காட்சிகள் ஸ்டாக்ஹோமில் ஸ்டுடியோவில். பெர்க்மனின் வீடுகளில் அறைகளுக்கிடையில் கதவு இருந்தது. இங்கே வீடே வெட்டவெளிக்கு நடுவே ஒரு கதவுபோல நிற்கிறது. அணு ஆயுதப் போர் மூண்டுவிட்டதாக அறிவிப்பு வரும் இரவில், அலெக்சாண்டர் என்னும் முதியவர் தன் வீட்டையும் தனக்குரிய யாவற்றையும் கடவுளிடம் பணயமாக வைக்கிறார். பிறகு அவர் வீட்டை விட்டு வெளியே போவது வாசல் வழியாக அல்ல. மேல்மாடத்தில் சாத்திய ஏணி வழியாக இறங்கிப்போகிறார். குடும்பத்தின் கண்ணில் படாமல் கதவைத் தவிர்த்துச் செல்லும் அந்த இறக்கம், வீட்டோடு அவருக்கிருந்த உறவு அறுந்துவிட்டதை வசனமில்லாமல் சொல்லிவிடுகிறது. அந்த மேல்மாடமும் அதன் உயரமும் கதைக்குத் தேவையான அளவில் அமைந்திருப்பது தற்செயலாக இருக்க முடியாது.

முடிவில் அலெக்சாண்டர் மேசைமேல் நாற்காலிகளை அடுக்கித் தீ வைக்கிறார். வீடு முழுவதும் எரிந்து சரிவதை ஆறு நிமிடத்துக்கும் மேல் நீளும் ஒரே ஷாட்டாக எடுப்பது திட்டம். தீ வைத்தார்கள். எரிந்துகொண்டிருக்கும்போது கேமரா மக்கர் செய்தது. வீடு சாம்பலானது, காட்சி பதிவாகவில்லை. இரண்டு வாரம்போல ஆன அவகாசத்தில் அதே இடத்தில் அதே வீடு மீண்டும் எழுப்பப்பட்டு, இந்த முறை இரண்டு கேமராக்களின் முன்னால் மீண்டும் எரிக்கப்பட்டது. படத்தில் நாம் பார்ப்பது இந்த இரண்டாவது எரிப்பு.

தார்க்கோவ்ஸ்கியின் விடாப்பிடிக்குச் சான்றாகவே இந்த நிகழ்ச்சி வழக்கமாகச் சொல்லப்படுகிறது. இந்தப் படத்துக்கும் ஒளிப்பதிவாளராக இருந்த நிக்விஸ்டின் வேதனையும் பதிவாகியிருக்கிறது. வடிவமைப்பாளரின் பக்கத்திலிருந்து பார்த்தால் அது வேறொன்றுக்குச் சான்று. எரிக்கும் காட்சிக்கு முன்னதாகப் படமான வெளிப்புறக் காட்சிகளில் நிற்பது முதல் வீடு. எரிவது இரண்டாம் வீடு. எந்தப் பார்வையாளருக்கும் அவை ஒரே வீடு. மரமும் ஆணியும் பூச்சும் முற்றிலும் வேறு. ஆனால் வீடு மாறவில்லை. அப்படியானால் அந்த வீடு எங்கே இருந்தது? அளவுகளில், விகிதங்களில், வாசலும் மாடமும் சன்னலும் எங்கே வர வேண்டும் என்ற அறிவில் இருந்தது. அந்த அறிவுக்கு உரியவர்கள் ஆஸ்ப்பும் அவர் வரைந்ததைக் கையால் எழுப்பிய தச்சர்களும். ஒரு நாடகப் பிரதி மேடைக்கு மேடை உயிர்பெறுவதுபோல, ஓர் இசைக் குறிப்பு வாத்தியத்துக்கு வாத்தியம் ஒலிப்பதுபோல, அரங்க வடிவமைப்பும் தன் பொருளிலிருந்து பிரித்தெடுத்து மீண்டும் நிகழ்த்தக்கூடிய படைப்பு. விறகானது அதன் ஒரு நிகழ்வு மட்டுமே.

‘பலி’யில் இன்னொரு வீடும் உண்டு. அலெக்சாண்டரின் பிறந்தநாள் பரிசாக அவருடைய சிறுமகன், தபால்காரர் ஒட்டோவின் உதவியோடு செய்த சின்ன மாதிரி வீடு அது. வெளியே சேற்றுத் தரையில் அது நிற்பதைக் கண்டு அலெக்சாண்டர் திகைக்கிறார். அது யார் செய்தது என்பதைப் பணிப்பெண் மரியா சொல்லித்தான் அவருக்குத் தெரிகிறது. பின்னால், சற்றுத் தொலைவில், அதே வடிவில் பெரிய வீடு நிற்கிறது. ‘ஃபேனியும் அலெக்ஸாண்டரும்’ படத்தின் முதல் காட்சியில் அட்டை மேடையின் மேல் குனிந்திருந்ததும் ஒரு சிறுவன்தான். இரண்டு இயக்குநர்களும் வெவ்வேறு காரணங்களுக்காகத் தங்கள் கதைக்குள் ஒரு மாதிரி வடிவத்தைக் கொண்டுவந்தார்கள். ஆனால் படப்பிடிப்புக்கு முன்பு மாதிரி வீடுகளின் மேல் குனிந்து, எந்தக் கதவு எங்கே திறக்க வேண்டும் என்று யோசிப்பது ஒருவருடைய அன்றாட வேலை. இவ்விரண்டு காட்சிகளிலும் திரையில் தெரிவது அந்த வேலைதான்.